பயனர் நாற்பத்தொன்று

"இன்னைக்கும் கேட்டுட்டானா அந்த ஆளு?"

மேனேஜர் கமலக்கண்ணன் ஹெல்மெட்டைக்கூடக் கழற்றாமல் கேட்டார்.

"கேட்டுட்டாரு சார்," என்றாள் இஃப்ஃபத்.

"என்னவாம்?"

"பீச் ரோட்டுல இருக்கிற சிலைங்க. பேரு, எந்தப் பக்கம் பார்க்குது, தலையில எத்தனை காக்கா உக்காருது."

"மனுஷனுக்கு வேற வேலையே இல்லையா!" தலையில் அடித்துக்கொள்ளப் போனவர், ஹெல்மெட் தட்டுப்பட்டதும் கையை இறக்கினார்.

லாஸ்பேட்டையில் மாடி மேல் இருந்த அந்தச் சின்னக் கம்பெனி, மூன்று வருடங்களுக்கு முன் சோதனை முயற்சியாக 'அடுக்கு' என்ற தேடல் கருவியை இணையத்தில் விட்டது. எதைக் கேட்டாலும் வலையெங்கும் துழாவி, கட்டம் போட்டு வரிசையாக அடுக்கித் தரும். ஆனால், வாழைப்பழ வகைகளைக் கேட்டால், 'பூவன், மனைவி பெயர் கற்பூரவள்ளி' என்று போடும். ஊரே சிரித்தது. பிறகு சிரிக்கவும் ஆள் இல்லை. எல்லாரும் புதுப்புதுச் செயலிகளிடம் போய்விட்டார்கள்.

"ஒரு நாள் கேள்வி வரலேன்னாலும் அன்னைக்கே மூடிடு. அந்தப் பொண்ணையும் அனுப்பிடு," என்று முதலாளி சொல்லிவிட்டார். அடுக்கைப் பார்த்துக்கொள்ள மிஞ்சியிருந்த ஒரே ஆள் இஃப்ஃபத். அதனிடம் கேள்வி கேட்க மிஞ்சியிருந்த ஒரே ஆள், பெயர் தெரியாத பயனர் நாற்பத்தொன்று.

அடுக்கு ஜனவரியிலேயே செத்துவிட்டது என்பது இஃப்ஃபத்துக்கு மட்டும்தான் தெரியும். அன்றே சொல்லிவிடத்தான் நினைத்தாள். ஆனால் அன்று வந்திருந்த கேள்வியைப் பாதியில் விட மனசு வராமல், தானே தேடிக் கட்டத்தை நிரப்பி அனுப்பினாள். உடனே திரையில் ஒரு வரி வந்தது: 'ரொம்ப நன்றி. நாளைக்கும் வருவேன்.'

நன்றி சொல்லத் தெரிந்த மனிதரை எப்படிக் கைவிடுவது? யாரோ படுத்த படுக்கையாகக் கிடக்கும் பெரியவர், உலகத்தை இந்தக் கட்டங்கள் வழியாகத்தான் பார்க்கிறார் என்று அவளாகவே முடிவு செய்துகொண்டாள். ஐந்து வேளைத் தொழுகையிலும் அவருக்காக ஒரு துஆ கேட்டாள். மற்ற நேரத்தில் பதில் தேடி அலைந்தாள். போன வாரம், 'எந்த மீனுக்குக் கோபக்கார முகம்?' என்று கேட்டிருந்தார். மார்க்கெட்டில் மீன்காரி அஞ்சலாட்சி, "செத்ததுக்கு அப்புறம் எல்லாத்துக்கும் ஒரே மூஞ்சிதான், வாங்குறியா இல்லியா?" என்று விரட்டிவிட்டாள்.

"பேங்க் வரைக்கும் போயிட்டு வந்துடறேன் சார்."

"போம்மா, போ," என்றார் கமலக்கண்ணன்.

கடற்கரையில் நின்று அவள் அண்ணாந்து எண்ணிக்கொண்டிருந்தபோது, சிவப்புத் தொப்பி போலீஸ்காரர் ஒருவர் பக்கத்தில் வந்தார்.

"என்னம்மா, அரை மணி நேரமா சிலையை மொறச்சுக்கிட்டு நிக்கிற?"

"காக்கா எண்ணுறேன் சார்."

"எந்த டிபார்ட்மென்ட்டு?"

"அடுக்கு சார்."

அவர் மரியாதையாகத் தலையாட்டினார். "எழுதிக்க. காலையில ஏழு, சாயந்திரம் நாலு. நடுவுல ஒரு புறா வரும், அதைச் சேக்காத."

அப்போது போன் அடித்தது. அம்மா ஜரினா.

"காலாப்பட்டு காலேஜ் லைப்ரரி வேலைக்கு அஞ்சு மணிக்குள்ள பதில் சொல்லணும்ல? ஏற்கெனவே ரெண்டு தடவை தள்ளிப் போட்டுட்ட. இனிமே கூப்பிட மாட்டாங்கடி!"

"ஒருத்தரு என்னையே நம்பிக்கிட்டு இருக்காரும்மா."

அம்மாவின் குரல் மாறியது. "யாருடி அது?"

"பேரு தெரியாதும்மா. நம்பர் நாப்பத்தொண்ணு."

"யா அல்லாஹ்! ஜெயில்லயா இருக்கான்?"

நாலரை மணிக்கு இஃப்ஃபத் ஆபீசுக்குத் திரும்பினாள். சின்ன வயதிலிருந்தே புத்தகங்களுக்கு நடுவில் வேலை செய்ய ஆசைப்பட்டவள். ஆனாலும், தனக்காகக் காத்திருக்கும் ஒருவரை ஏமாற்றிவிட்டுப் போய் நிம்மதியாகச் சோறு தின்ன முடியாது என்று தோன்றியது. பொய்யோடு இருப்பதும் பாவம். நேராகக் கமலக்கண்ணனின் அறைக்குள் போனாள்.

"சார், எனக்குக் காலாப்பட்டுல லைப்ரரி வேலை கிடைச்சிருக்கு. வேணாம்னு சொல்லப்போறேன்."

"வேணாமா! ஏம்மா?"

"இங்க நான் இல்லேன்னா பயனர் நாப்பத்தொண்ணுக்குப் பதில் சொல்ல ஆளில்ல சார். அடுக்கு ஜனவரியிலேயே ரிப்பேர். எட்டு மாசமா நான்தான் அலைஞ்சு அலைஞ்சு பதில் எழுதுறேன். உங்ககிட்ட மறைச்சது தப்புதான், மன்னிச்சுடுங்க. ஆனா அவரு பாவம் சார், கட்டில்ல கிடக்கிற மனுஷன்."

கமலக்கண்ணன் கண்ணாடியைக் கழற்றி மேஜையில் வைத்தார்.

"நீயா? மெஷின் இல்லியா? வெயில்ல நின்னு நீயா எண்ணுன?"

"ஆமா சார்."

மேஜை மேல் இருந்த போனை எடுத்து அவள் கையில் திணித்தார்.

"முதல்ல காலாப்பட்டுக்குப் போனைப் போட்டு, நாளைக்கே வர்றேன்னு சொல்லும்மா! நாப்பத்தொண்ணு கட்டில்ல எல்லாம் கிடக்கல. உனக்கு வேலை போயிடக் கூடாதேன்னு தினமும் பல்லு விளக்கும்போதே கேள்வி யோசிச்சு யோசிச்சு மூளை வத்திப்போய், இதோ உன் எதிர்லதான் உக்காந்திருக்கான்!"