கொழுப்பில்லாத மாஸ்டர்

கல்லாவுக்குப் பின்னால், சாமி படத்தை ஒட்டி, புரோட்டா மாஸ்டரின் ரத்தப் பரிசோதனைத் தாள் தொங்கியது.

லேமினேஷன் போட்டிருந்தார்கள். ஓரத்தில் யாரோ சந்தனப் பொட்டுகூட வைத்திருந்தார்கள்.

அதை வாங்கிப்போகத்தான் அவள் வந்திருந்தாள்.

புருஷன் வேலை செய்யும் கடைக்கு அவள் வருவதில்லை. பார்சலுக்கு நிற்பவர்களுக்குப் பின்னால், முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு நின்றாள்.

விளக்கு வைக்கும் நேரம். சட்டியில் எண்ணெய் பொங்கிக்கொண்டிருந்தது. அவன் மாவை வீசினான். வீசும்போதெல்லாம் தோள் எலும்பு பனியனுக்குள் ஏறி இறங்கியது.

இலை முன்னால் உட்கார்ந்திருந்த ஒருவர் தாளை அண்ணாந்து பார்த்தார்.

"முதலாளி, அடியில நீளமா ஒண்ணு எழுதியிருக்கே. என்னது அது?"

அவரே எழுத்துக் கூட்டினார். ஹைப்போ. கொலஸ்டிரோ. லீமியா.

"கேம்ப்ல டாக்டர் எழுதுனது அண்ணாச்சி. ரத்தத்துல கொழுப்பு கம்மின்னு அர்த்தம்" என்றார் முதலாளி. "இருவது வருசமா எண்ணெச் சட்டி முன்னாடியே நிக்கிறான். அவனுக்கே கொழுப்பு இல்ல. ஒங்களுக்கு என்ன பயம்? ஏலே, அண்ணாச்சிக்கு இன்னும் ரெண்டு வை."

"மாஸ்டர் வாயப் பாத்தா கொழுப்பு கம்மி மாதிரி தெரியலயே."

கடை சிரித்தது. அவனும் திரும்பாமல் சிரித்தான்.

ரத்தப் பரிசோதனை முகாமுக்குப் போன கடைத்தெரு ஆட்கள் எல்லோருக்கும் கொழுப்பு கூடுதல். முதலாளிக்கு ரொம்பவே கூடுதல். அவனுக்கு மட்டும் குறைவு. பெரிய ஆஸ்பத்திரியில் காட்டு என்று டாக்டர் வாயாலும் சொன்னாராம். ஆளாளுக்கு அவன் முதுகில் தட்டிக்கொண்டிருந்த சத்தத்தில் யார் காதில் அது விழுந்தது?

அவளுமே பெருமைப்பட்டவள்தான்.

முந்தாநாள் குளிக்கும்போது தலை சுற்றி விழுந்தான். நேற்று ஆஸ்பத்திரிக்கு இழுத்துக்கொண்டு போனாள். கேம்பில் கொழுப்பு கம்மி என்று வந்தது சிஸ்டர், ஊரே மெச்சுகிறது என்றாள்.

நர்ஸ் எழுதுவதை நிறுத்தினார்.

தாளில் இருந்த அந்த நீளச் சொல்லை அவரே மெதுவாகச் சொன்னார். அது நோயின் பெயர் இல்லையாம். உள்ளே ஏதோ இருக்கலாம், தேடிப் பார் என்று சொல்கிற பெயராம். நன்றாக இருப்பவருக்குக் குறைவாக இருந்தால் பரவாயில்லை. இப்படி உருகிக்கொண்டே போகிறவருக்கு இருந்தால் விடக்கூடாது. திங்கட்கிழமை பெரிய டாக்டர் வருகிறார், தாளோடு வாருங்கள்.

"சாப்பாடு இறங்குதா?" என்று அவனைத்தான் கேட்டார்.

அவள் முந்திக்கொண்டாள். கடையிலேயே வயிறு நிறையச் சாப்பிட்டுவிடுவார், வீட்டில் கை நனைப்பதே இல்லை என்றாள்.

அவன் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

இப்போது தாளைக் கேட்க வேண்டும்.

கேட்டால் எதற்கு என்பார்கள். எதற்கு என்று சொன்னால் சீக்காளி கைபட்ட புரோட்டாவை ஒருவரும் தொடமாட்டார்கள். நாளைக்கே சட்டி முன்னால் வேறு ஆள் நிற்பான்.

முதலாளி அவளைப் பார்த்துவிட்டார்.

"வா தாயி. நம்ம சோலை வீட்டுக்காரம்மாய்யா, வழி விடுங்க."

வழி விட்டார்கள்.

"அப்பிடி என்னத்தத்தான் ஆக்கிப் போடுற நீ? இங்க ஒரு வாய் திங்க மாட்டேங்கிறான். கேட்டா, வீட்டுல போய்ச் சாப்பிட்டுக்கிறேங்கிறான். எங்க கடைச் சால்னா அவ்வளவு கேவலமாவா போச்சு?"

கடை மறுபடி சிரித்தது.

கடையிலும் இல்லை.

வீட்டிலும் இல்லை.

அவன் கை மாவின் மேல் அப்படியே நின்றது.

தாள் அவளுக்கு மறந்துவிட்டது. "ஒரு புரோட்டா வைங்க" என்றாள். குரல் அவளுக்கே கேட்கவில்லை. இரண்டாம் தடவை சொன்னாள். இலையில் வைத்து, பிய்த்துப் போட்டு, சால்னா ஊற்றினார்கள். இலையை ஏந்திக்கொண்டு அடுப்புப் பக்கம் போய், மாவு மேடையின் ஓரத்தில் வைத்தாள்.

"ஏங்க. சாப்பிடுங்க."

யாரோ விசிலடித்தார்கள். "ஊட்டி விடு மதினி, கையெல்லாம் மாவா இருக்குல்ல" என்றது ஒரு குரல்.

அவன் அவளைப் பார்த்தான். இங்கே வேண்டாம் என்று அந்தப் பார்வை கெஞ்சியது.

அவள் நகரவில்லை.

ஒரு துண்டை எடுத்தான். சுண்டுவிரல் நகம் அளவு. சால்னாவில் தோய்க்காமல் வாயில் போட்டான்.

மென்றான்.

கடை முழுக்கப் பார்த்துக்கொண்டிருந்தது.

மென்றுகொண்டே இருந்தான். கழுத்து நரம்பு புடைத்தது. தொண்டை மேலே ஏறியது. ஏறிய இடத்திலேயே நின்றது. கண்ணில் நீர் கட்டியது.

விசில் அடங்கிவிட்டது.

சட்டியில் கிடந்ததைத் திருப்ப ஆளில்லை. கருகல் வாடை வந்தது. அர்த்தம் கேட்டவர் இலையிலிருந்து கையை எடுத்துக்கொண்டார். பக்கத்தில் இருந்தவரும் எடுத்துக்கொண்டார்.

அவள் அதையும் பார்த்தாள்.

உள்ளங்கையைக் குவித்து அவன் வாய்க்கு அடியில் நீட்டினாள்.

"துப்பிருங்க" என்றாள். "போதும்."