படம்தான் பேசணும்

‘ஜீரோ பட்ஜெட்’ என்று மாணவர்கள் தனக்குப் பட்டப்பெயர் வைத்திருப்பது அவருக்கும் தெரியும். பொருத்தமான பெயர்தான் என்பதால் கோபித்துக்கொள்ளவில்லை. காசில்லாமல் சினிமா எடுப்பது எப்படி என்று வருடக்கணக்காகப் பாடம் நடத்துகிறவர் இதுவரை எடுத்த படங்களும் ஜீரோ. கரையில் நின்றே நீச்சல் சொல்லிக்கொடுக்கிற ரகம்.

அந்தக் குறை நாளையோடு தீரப்போகிறது. மச்சினனிடம் கெஞ்சிக் கூத்தாடி இரவல் வாங்கிய கேமரா வீட்டு அலமாரியில் தயாராக இருக்கிறது. காலையில் முதல் ஷாட். அதை வகுப்பில் எல்லோரிடமும் தம்பட்டம் அடித்தாகிவிட்டது.

“ம், போடுங்க உங்க படத்தை” என்றார், மாணவர்களில் ஒருவரான மருந்துக்கடைக்காரரிடம். ஒரு நிமிடப் படம் எடுத்து வருவதுதான் வீட்டுப்பாடம்.

“சார், இது வந்து... இன்னைக்குக் காலையில...”

“மூச்! எடுத்தவர் வாயே திறக்கக் கூடாது. படம்தான் பேசணும். எத்தனை தடவை சொல்லியிருக்கேன்?”

சுவரில் படம் ஓடியது. ஒரு சந்து. ஒரு வீட்டின் பின்சுவரேறி ஒருவன் குதிக்கிறான். தோளில் கறுப்புப் பை. எதிரே கேமராவைப் பார்த்துத் திடுக்கிட்டு, அசட்டுத்தனமாகச் சிரிக்கிறான். படம் அங்கேயே நின்றது.

ஜீரோ பட்ஜெட் தலையில் அடித்துக்கொண்டார்.

“எந்தத் திருடன்யா கேமராவைப் பார்த்துப் பல்லை இளிப்பான்? நடிப்புக்கும் இவனுக்கும் ஏழாம் பொருத்தம்! அப்புறம் அந்த வீடு. காரை பேர்ந்த சுவர், கொடியில கிழிஞ்ச பனியன். ஏழைன்னு காட்ட இவ்வளவா மெனக்கெடுவாங்க? இந்த லட்சணத்துல இருக்கிற வீட்டுல திருட என்ன இருக்குன்னு பார்க்கிறவன் கேட்க மாட்டானா?”

வகுப்பே சிரித்தது.

“சார், அந்த வீடு...”

“பேசாதீங்கன்னா பேசாதீங்க!”

செல்போன் அடித்தது. மனைவி. வேலை முடிந்து இப்போதுதான் வீட்டுக்கு வந்திருப்பாள்.

“என்னங்க, பின்கதவுப் பூட்டை உடைச்சிருக்காங்க. அலமாரி திறந்து கிடக்கு. தம்பியோட கேமராவைக் காணோம்!” என்று அழுதாள்.

அவர் மெதுவாகச் சுவரைத் திரும்பிப் பார்த்தார். பனியன் அவருடையதுதான். ஒரு நாளாவது அந்தச் சந்துப் பக்கம் போயிருந்தால் சொந்த வீட்டை அடையாளம் தெரிந்திருக்கும். படம் போச்சு, கேமரா போச்சு, மச்சினன் முகத்தில் எப்படி முழிப்பது?

“அடப்பாவி மனுஷா, பார்த்துக்கிட்டா நின்னீங்க? ஒரு சத்தம் போட்டிருக்கக் கூடாதா? இப்பவாவது வாயைத் திறங்க!” என்று மாணவர் மேல் பாய்ந்தார்.

மருந்துக்கடைக்காரர் கையைப் பிசைந்தார். “உங்களைப் பார்க்கத்தான் வந்தேன் சார். முன்கதவு பூட்டியிருந்ததால பின்பக்கம் வந்தேன். ஷூட்டிங்கை இன்னைக்கே ஆரம்பிச்சுட்டீங்க, எங்கேயோ ஒளிஞ்சு நின்னு எடுக்கறீங்கன்னு நினைச்சு, நானும் வீட்டுப்பாடத்துக்கு எடுத்துக்கிட்டேன்.”

மீதியையும் சொன்னார்.

“அதான், ‘பிரமாதமா நடிக்கிறீங்க’ன்னு கை குடுத்து, அவரை என் ஸ்கூட்டர்லயே பஸ் ஸ்டாண்டுல கொண்டுபோய் விட்டுட்டு வந்தேன்!”