விரல் போன காட்சி

விரல் போகும் காட்சியை மூன்றாவது தடவையும் தப்பாகவே நடித்தாள் சுகிர்தா. தன் சொந்தக் கதையைக்கூட ஒழுங்காக நடிக்கத் தெரியவில்லையே என்று பூவராகவனுக்கு எரிச்சலாக வந்தது.

கும்மிடிப்பூண்டியில் அவர் சூப்பர்வைசராக இருக்கும் கம்பெனியில்தான் அவள் தகடு வெட்டும் பவர் பிரஸ் மெஷின் ஓட்டினாள். இடது கையில் இரண்டு விரல் போனது. கூடவே வேலையும் போனது. ‘தொழிலாளியின் அஜாக்கிரதை’ என்ற ரிப்போர்ட்டில் கையெழுத்துப் போட்டவர் பூவராகவன். அதை எதிர்த்து அவள் போட்ட கேஸ் சாட்சி சொல்ல ஆளில்லாமல் நான்கு வருடமாக இழுத்துக்கொண்டிருக்கிறது.

அதற்குள் அவள் வீதி நாடகத்துக்குப் போய், அங்கிருந்து இந்த மாதிரிப் புதுவகை டாக்குமெண்டரிகளுக்கு வந்துவிட்டாள். எல்லாவற்றிலும் சுகிர்தாவாக சுகிர்தாவே வருவாள். இது மூன்றாவது படம்.

"கம்பெனி பேரு எங்கயாச்சும் வருதான்னு கூடவே இருந்து பாத்துக்கினு வா" என்று, மெஷின் தெரிந்த ஆள் வேண்டும் எனக் கேட்ட படக்காரர்களிடம் மேனேஜர் அவரை அனுப்பியிருந்தார். மூடிக் கிடந்த பழைய ஷெட்டில்தான் ஷூட்டிங். வாசலிலேயே டைரக்டர் நந்தினி கும்பிட்டு வரவேற்றாள். சுகிர்தாவும் சிரித்தாள். கேஸ் போட்டவள் எதற்குச் சிரிக்கிறாள்?

அப்போதே அவருக்குச் சந்தேகம் தட்டிவிட்டது. மெயின் சுவிட்சை அவரே அணைத்தார். சுவர், மெஷின், வசனத்தாள் ஒன்றையும் விடாமல் சோதித்தார். கம்பெனி பெயர் எங்கேயும் இல்லை.

"மெஷின் விஷயம் எங்களுக்குத் தெரியாது சார். தப்பு இருந்தா உடனே சொல்லுங்க" என்று அவர் காலரில் ஒரு மைக்கைச் செருகினாள் நந்தினி. "நான் ஹெட்போன்ல இருப்பேன். மைக்ல சொன்னாதான் கேக்கும்."

வாயே திறக்கக் கூடாது என்றுதான் இருந்தார். இருபது வருடம் ஆபரேட்டர்களை அதட்டிய வாய் சும்மா இருக்குமா? "தகட்ட அப்படியா புடிப்பாங்க? கிட்ட வந்து நில்லும்மா!" அவர் திருத்தத் திருத்த, கேமராமேன் எட்வர்ட் ஆங்கிளை மாற்றிக்கொண்டே இருந்தான்.

நான்காவது டேக். சுகிர்தா வலது கையால் ஒரு பட்டனையும், மிச்சமிருந்த மூன்று விரலால் இடது பட்டனையும் சேர்த்து அழுத்தினாள். இரண்டையும் சேர்த்து அழுத்தினால்தான் பிரஸ் இறங்கும். "ஐயோ, என் வெரலு!" என்று அலறிச் சாய்ந்தாள்.

பூவராகவனுக்குப் பொறுக்கவில்லை.

"இன்னாம்மா நடிக்கிற? ரெண்டு கையும் பட்டன் மேல இருந்தா வெரலு எப்படி உள்ள போவும்? வேலை வேகமா நடக்கணும்னு இடது பட்டன் அமுங்கியே கெடக்கட்டும்னு நான்தான ஆப்பு அடிச்சி வச்சிருந்தேன்! ஒரு கை அமுக்க, ஒரு கை உள்ள இருந்திச்சி. அதாலதான வெரலு போச்சி!"

அவர் நிமிர்ந்து பார்த்தார். கேமரா மெஷின் பக்கம் இல்லை, அவர் முகத்துக்கு நேராக இருந்தது.

சுகிர்தா எழுந்து புடவையைத் தட்டிக்கொண்டாள்.

"எனக்கு நாலு டேக்கு ஆச்சி. உங்களுது ஒரே டேக்குல ஓகே சார்."