பூங்கோதையின் கையெழுத்து

"பூங்கோதைங்கிறவங்களுக்கு ரிஜிஸ்டர் போஸ்ட். அவங்களே கையெழுத்துப் போடணும்" என்றார் புதிதாக வந்திருந்த தபால்காரர், கேட்டுக்கு வெளியே வண்டியில் உட்கார்ந்தபடியே. பூங்கோதை போய்ச் சேர்ந்த பிறகு அவள் கணவனுக்கு இரண்டாம் தாரமாக வந்தவள் செண்பகவல்லி. அதைத் தெருவில் நின்று சொல்ல அவளுக்கு வாய் வரவில்லை. கையெழுத்துத் தாளை வாங்கி உள்ளே கொண்டுபோய்க் கணவன் தணிகாசலத்திடம் நீட்டினாள். அவன் தாளை ஃபிரிட்ஜின் மேல் வைத்து, கண் மூடித் திறப்பதற்குள் பூங்கோதையின் கையெழுத்தைப் போட்டுவிட்டான். குடை மாதிரி விரிந்த ஒரு 'பூ', அதன் கீழ் ஒண்டிக்கொண்ட சின்ன எழுத்துகள். கடைசி எழுத்தின் வால் திரும்பி வந்து, பெயர் முழுவதற்கும் அடியில் ஓடி, ஒரு புள்ளியில் போய் நின்றது. இத்தனை நாளும் பூங்கோதை அவன் விரல்களுக்குள்தான் குடியிருந்திருக்கிறாள். தபால்காரர் செண்பகவல்லி திரும்பக் கொண்டுவந்த தாளைப் பார்த்துவிட்டு உறையைக் கொடுத்தார். "உங்க கையெழுத்து ரொம்ப அழகா இருக்கும்மா."

செண்பகவல்லி உறையை ஒரு மூலையில் எறிந்துவிட்டு, அன்றைய பேப்பரையும் பேனாவையும் அவன் முன்னால் வைத்தாள்.

"என் கையெழுத்தப் போடுங்க பாப்போம்."

"இப்ப எதுக்கு அது?"

"போடுங்களேன்."

அவன் சிரித்துக்கொண்டேதான் பேனாவை எடுத்தான். பேப்பரின் ஓரத்து வெள்ளையில் அதன் முனை போய் நின்றது. நின்றுகொண்டே இருந்தது. கடைசியில் நிமிர்ந்து அவளைப் பார்த்தான்.

"நீ தமிழ்லயா போடுவ, இங்கிலீஷ்லயா?"