கினாபாலுவில் சுமந்த முதுகு

ஒரு சொல்லும் பொய்யில்லை என்று தண்ணீர்மலை முருகன்மேல் சத்தியம் செய்துவிட்டுத்தான் குணாளன் ஆரம்பித்தார்.

"இருபத்தஞ்சு வருஷத்துக்கு முன்னால, கினாபாலு மலை. பாதியில உங்கம்மாவால நடக்க முடியல. முதுகுல தூக்கிக்கிட்டு உச்சிக்கே ஏறினேன். குளிர்ல என் மீசை உடைஞ்சு விழுந்துச்சு."

மகள் இந்துமதி அதே மலைக்குப் போக எடுத்த விமான டிக்கெட்டோடு நின்றாள். "அப்ப அம்மா இந்தத் தடவ என்னோட வர வேணாமா?"

"எப்படிலா ஏறுவா? தூக்க இப்ப எனக்கு முதுகு இல்ல."

"இன்னொரு தரம் அந்த விடியலைப் பாத்துட்டு வந்துடறேங்க," என்றாள் மனைவி பவளம். "உங்க மீசையையும் தேடிப் பாக்கறேன்."

இந்துமதி சுவரைப் பார்த்துவிட்டு, அம்மாவிடம் காலணி அளவு கேட்டாள்.

உச்சியைத் தொட்டவருக்கு வண்ணச் சான்றிதழும், பாதியில் திரும்பியவருக்குக் கறுப்பு வெள்ளையும் அந்த மலையில் தருவார்கள். சுவரில் தொங்கிய வண்ணச் சான்றிதழில் பவளத்தின் பெயர் இருந்தது. கறுப்பு வெள்ளையில் குணாளன்.