ஆறுக்கு ஒன்று

முழங்காலுக்குள் ஊசி வைத்துத் தைத்தாற்போல் குத்தியது. அரசியல் அறிவியல் துறைத்தலைவர் மூட்டை தூக்குகிறவரைப் போல ஒவ்வொரு படியிலும் நின்று மூச்சு வாங்கி, மூன்றாவது மாடிக்கு ஏறினார். மூன்று மணிக்குத் தேர்தல். இன்னும் இரண்டு பேரைப் பார்க்க வேண்டும்.

மூன்று வருடத்துக்கு ஒரு தடவை துறைத்தலைவர் பதவிக்கு ஓட்டு. மொத்தம் ஏழு பேர். மூப்பில் முதல் இருவர் பெயர் சீட்டில் இருக்கும். யாரும் விலக முடியாது. அந்த விதியை எழுதியவரே அவர்தான். ஒன்பது வருடமாக நாற்காலியும் அவருடையதுதான்.

வாக்காளர் மனம் பற்றி இருபத்தாறு வருடம் பாடம் நடத்தியவர். ஆனாலும் நேராகக் கேட்க நாக்கு கூசியது.

“யோசிச்சுப் போடுங்க தம்பி,” என்றார் இளைய விரிவுரையாளரிடம். “அதிகாரம் ரொம்ப நாள் ஒரே கையில இருந்தா என்ன ஆகும்னு நாமதானே பாடம் நடத்துறோம்.”

திருத்திக்கொண்டிருந்த விடைத்தாளை மூடிவிட்டு இளையவர் சிரித்தார். “எனக்கே நூல் விட்டுப் பாக்குறீங்களா சார்? என் ஓட்டு எங்கன்னு உங்களுக்குத் தெரியாதா?”

பக்கத்து அறை விரிவுரையாளர் அம்மாள் துறைத்தலைவரை வாய் திறக்கவே விடவில்லை. “இந்தக் காலை வச்சுக்கிட்டு எதுக்கு சார் மாடி ஏறுறீங்க? எல்லாம் பேசி வச்சாச்சு. முதல்ல டாக்டரைப் போய்ப் பாருங்க.”

“பாத்தாச்சும்மா. ஆபரேஷன் பண்ணி மூணு மாசம் படுக்கணுமாம். தலைவருக்கு மூணு மாச லீவு யாரு குடுப்பா?”

மூன்றரைக்கு எழுத்தர் பெட்டியைக் கவிழ்த்து எண்ணினார். துறைத்தலைவருக்கு ஆறு. எதிர்த்து நின்ற பேராசிரியைக்கு ஒன்று.

எல்லாரும் கை தட்டினார்கள். எழுத்தர் அதே பழைய சாவிக்கொத்தை மறுபடியும் அவர் முன்னால் வைத்தார். அவர் எழுந்திருக்கவில்லை, முட்டியைத் தேய்த்துக்கொண்டிருந்தார்.

தோற்ற பேராசிரியை குனிந்து காதோடு சொன்னார்: “நானே உங்களுக்குத்தான் சார் போட்டேன். எனக்கு அந்த ஒரு ஓட்டைப் போட்ட மகராசன் யாருன்னுதான் தெரியல.”

“நான்தாம்மா. இந்த முட்டிக்கு ஆபரேஷன் இன்னும் பாக்கி.”