ரூஃபினாவுக்கு ஒரு கல்

"குவாக்கமோலேன்னா ரூஃபினா செய்றதுதான்" என்று அவள் செய்யும் அவகாடோ மசியலுக்காக என் கணவர் தன் தம்பி மனைவியைப் புகழும்போதெல்லாம் எனக்கு வயிறு எரியும்.

அவள் பெயர்கொண்ட புனிதையின் திருநாளுக்கு ஊருவாபன் சந்தையில் எரிமலைக்கல் உரல் ஒன்று வாங்கிக் கொடுத்தேன்.

"புதுக் கல்லாச்சே அக்கா, மண் உதிருமே?"

"நானே நாலு தடவை அரிசி அரைச்சுப் பழக்கிட்டேன். நீ அப்படியே அவகாடோவைப் போட்டு மசி."

ஞாயிற்றுக்கிழமை, குடும்பமே சுற்றி உட்கார்ந்திருக்க, முதல் கிண்ணத்தை என்னிடம் நீட்டினாள். "உங்க கல்லுல அரைச்சது. நீங்கதான் முதல்ல சாப்பிடணும்."

சோள ரொட்டியால் அள்ளி வாயில் வைத்தேன். மணல் நறநறத்தது. அந்தக் கல்லில் நான் ஒரு பிடி அரிசிகூட அரைத்ததில்லை.

"எப்படிக்கா இருக்கு?"

எல்லோரும் பார்த்தார்கள். "பிரமாதம்" என்று விழுங்கினேன்.

"அப்ப கிண்ணம் முழுக்க உங்களுக்குத்தான். மத்தவங்களுக்கு என் பழைய கல்லுல அரைச்சிருக்கேன்."